பண்டிகைத் தட்டில் ஒரு சிறு கோழி



வரலாறு என்றவுடன் அரசர்களும் போர்களும் கோட்டைகளும் நம் நினைவுக்கு வருகின்றன. பிள்ளைகளும் அவற்றையே பாடமாகப் படிக்கிறார்கள். ஆனால் நாம் உண்ணும் உணவுக்கும் வரலாறு உண்டு. அதில் மன்னர்களைவிட உழைப்பாளிகளே மிகுதி. இன்றைய உரையில், அமெரிக்க நாட்டின் பண்டிகை மேசையில் இடம் பிடித்த ஒரு சிறு கோழியின் வரலாற்றைக் காண்போம். எங்கோ இருக்கும் அமெரிக்கக் கோழியைப் பற்றித் தோட்டத்து மக்களாகிய நமக்கு என்ன பேச்சு என்று சிலர் எண்ணலாம். அதற்கு ஒரு காரணம் உண்டு. அதில் நமது பிழை ஒன்றும் அடங்கியிருக்கிறது.

நாம் பணியாற்றும் தோட்டப் பள்ளியில் ஒரு நாள் பல நாட்டுப் பண்டிகைகளைப் பற்றிப் பாடம் நடந்தது. பண்டிகை உணவுப் படங்களைக் கொண்டுவரும்படி பிள்ளைகளிடம் சொல்லியிருந்தோம். தீபாவளிப் பலகாரம், நோன்புப் பெருநாள் கெத்துப்பாட், சீனப் புத்தாண்டு ஆரஞ்சு என்று படங்கள் வந்தன. ஒரு மாணவி பழைய நாள்காட்டி ஒன்றிலிருந்து கிறிஸ்துமஸ் விருந்துப் படத்தைக் கத்தரித்து வந்திருந்தாள். வெள்ளைப் பீங்கான் தட்டில் ஒரு முழுக் கோழி. இரண்டு கைகளுக்குள் அடங்கிவிடும் அளவுதான். பொன்னிறமாகச் சிவந்து பளபளத்தது. வயிற்றிலிருந்து சோறும் பழத் துண்டுகளும் எட்டிப் பார்த்தன. சுற்றிலும் ஆரஞ்சு வில்லைகளும் சிவந்த சிறு பழங்களும் அடுக்கப்பட்டிருந்தன. பக்கத்துத் தட்டுகளிலும் அப்படியே.

“சார், ஆளுக்கு ஒரு முழுக் கோழியா?” என்று அவள் கேட்டாள். வகுப்பே சிரித்தது. பின்வரிசையிலிருந்து ஒரு பையன், “அது வெள்ளைக்காரங்க கோழி. நம்ம கோழியெல்லாம் அது கிட்ட நிக்க முடியுமா?” என்றான். நாமும் சற்றும் யோசிக்காமல், “ஆமாம், அது சீமையிலே கிடைக்கிற காட்டுப் பறவை. நம்ம கோழிக்கும் அதுக்கும் சம்பந்தமில்லே” என்று சொல்லிவிட்டோம். மணி அடித்தது. படத்தை மடித்துப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டே அந்த மாணவி, “எங்க வீட்டுலே வெறும் கம்பத்துக் கோழிதான் சார்” என்றாள். ஏதோ குற்றத்தை ஒப்புக்கொள்வதுபோல் இருந்தது அந்தக் குரல்.

அந்த ‘வெறும்’ என்ற சொல் நம்மை உறுத்தியது. அன்று தொடங்கி அந்தக் கோழியைப் பற்றித் தேடிப் படித்தோம். படிக்கப் படிக்க, நாம் சொன்ன விடையில் ஒரு சொல்கூடச் சரியில்லை என்பது தெரிந்தது. அது காட்டுப் பறவையும் அன்று. சீமையில் பிறந்ததும் அன்று. நம் கோழிக்கும் அதற்கும் உள்ள உறவோ மிக நெருக்கமானது.

முதலில் படத்தில் இருந்த உணவைப் பார்ப்போம். ஆங்கிலத்தில் அந்தக் கோழிக்குக் ‘கார்னிஷ் கேம் ஹென்’ என்று பெயர். அமெரிக்காவில் கிறிஸ்துமஸ், புத்தாண்டு போன்ற நாட்களில், பெரிய வான்கோழி தேவைப்படாத சிறு குடும்பங்களில் இதைச் சமைப்பதுண்டு. கோழியைச் சுத்தம் செய்து, துடைத்து, உப்பையும் மிளகுத் தூளையும் உள்ளும் புறமும் தடவுகிறார்கள். வெங்காயத்தை வெண்ணெயில் வதக்கி, அதில் வேகவைத்த அரிசி, உலர்ந்த ஏப்ரிகாட் பழம், உலர்திராட்சை அல்லது ஆப்பிள் துண்டுகள், உடைத்த கொட்டைப் பருப்பு ஆகியவற்றைக் கிளறிக் கோழியின் வயிற்றில் அடைக்கிறார்கள். இறுக்கி அடைப்பதில்லை. இறுக்கினால் சூடு உள்ளே போகாது. அரிசி ஊறி உப்புவதற்கும் இடமிராது. பிறகு கால்களை நூலால் சேர்த்துக் கட்டி, ஓவன் அடுப்பில் 190 டிகிரி செல்சியஸ் சூட்டில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் வாட்டுகிறார்கள்.

கடைசிக் கால்மணி நேரத்தில் ஆரஞ்சுச் சாற்றையும் தேனையும் கலந்து தோலின்மேல் பூசுவார்கள். பழத்திலும் தேனிலும் உள்ள சர்க்கரை சூட்டில் சிவந்து, அந்தப் பளபளப்பைத் தருகிறது. முன்னதாகவே பூசினால் சர்க்கரை கருகிக் கசந்துவிடும். இளங்கோழியின் இறைச்சிக்குத் தனிச்சுவை குறைவு. ஆகவே பழத்தின் புளிப்பும் இனிப்பும் அதற்குத் துணை நிற்கின்றன. மீன் குழம்பில் நம் தாய்மார்கள் மாங்காய்த் துண்டு போடுவதும் இத்தகைய கைப்பக்குவமே. இன்னொன்றும் கவனிக்கத் தக்கது. கோழியின் பச்சை நீர் உள்ளே அடைத்த சோற்றில் இறங்குவதால், அந்தச் சோற்றின் நடுப்பகுதியும் 74 டிகிரி சூட்டை எட்ட வேண்டும். மேலே பொன்னிறமாகி உள்ளே வேகாமல் போனால் விருந்து வயிற்று நோயில் முடியும்.

இனி அதன் பெயரை ஆராய்வோம். ‘கேம்’ என்ற சொல்லைக் கேட்டால் வேட்டையாடிக் கிடைத்த காட்டுப் பறவை என்று தோன்றும். ‘ஹென்’ என்றால் பெட்டைக்கோழி. ஆனால் அமெரிக்க வேளாண்மைத் துறையின் விதிப்படி இது ஐந்து வார வயதுக்கும் குறைந்த சாதாரண வளர்ப்புக் கோழிக்குஞ்சு. சமையலுக்கு ஆயத்தமான நிலையில் இதன் எடை 2 பவுண்டுக்கு, அதாவது ஏறத்தாழ 900 கிராமுக்கு, மேற்படக் கூடாது. பெட்டையாகவும் இருக்கலாம், சேவலாகவும் இருக்கலாம். ஆகவே காட்டையும் காணாத, பெட்டை என்ற உறுதியும் இல்லாத ஒரு குஞ்சுக்கு இந்தப் பெருமைமிக்க பெயர் வாய்த்திருக்கிறது. நம்மைப் போன்றவர்கள் ஏமாறுவதில் வியப்பில்லை.

இந்தப் பெயரோடு இக்கோழி புகழ் பெற்றது 1950-களில். அமெரிக்காவின் வடகிழக்கில் கனெக்டிகட் என்ற மாநிலம் இருக்கிறது. அங்கே ஐரோப்பாவிலிருந்து குடியேறிய ஜாக் மக்கோவ்ஸ்கி, அல்ஃபோன்சின் மக்கோவ்ஸ்கி என்ற கணவன் மனைவியர் பண்ணை வைத்திருந்தனர். ஓர் ஆளுக்கு ஒரு பறவை என்று பரிமாறத்தக்க, மார்புச் சதை மிகுந்த சிறு கோழியை உருவாக்க அவர்கள் பல கலப்புகளைச் செய்து பார்த்தனர். கார்னிஷ் இனச் சேவலையும், வெள்ளை நிறப் பிளிமத் ராக் இனப் பெட்டையையும், இவற்றோடு மலாயாச் சண்டைச் சேவலையும் கலந்தனர் என்று அந்தக் கோழியின் வரலாற்றில் குறிக்கப்பட்டிருக்கிறது. நேயர்களே, மலாயா என்ற சொல்லை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்தக் கோழியைப் பரவலாக அறிமுகப்படுத்தியவர்களுள் ஒருவர் விக்டர் போர்கா என்னும் பியானோக் கலைஞர். டென்மார்க் நாட்டு யூதர். ஹிட்லரைக் கேலி செய்து மேடையில் நகைச்சுவை செய்தவர். 1940-இல் நாஜிப் படையிடம் சிக்காமல் தப்பி, வெறுங்கையோடு அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். புகழும் பொருளும் வந்தபின் கனெக்டிகட்டில் பண்ணை வாங்கி இந்தச் சிறு கோழிகளை வளர்த்து விற்றார். பின்னர் 1965-இல் அர்கன்சாஸ் மாநிலத்து டைசன் நிறுவனம் இதைப் பெரிய அளவில் விற்பனைக்குக் கொண்டுவந்தது. எடைக்கு இவ்வளவு என்றில்லாமல், உருப்படிக்கு இவ்வளவு என்று விலை வைத்தார்கள். குறைந்த நாட்களே தீனி போட்ட சிறு குஞ்சு, பெயரின் கவர்ச்சியால் நல்ல விலைக்குப் போயிற்று.

இப்போது ஒரு தலைமுறை பின்னால் செல்வோம். கார்னிஷ் இனம் எங்கிருந்து வந்தது? இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் உள்ள கார்ன்வால் வட்டாரத்தின் பெயரே அதற்கு இடப்பட்டிருக்கிறது. ஆனால் அது தோன்றிய நாட்டில் அதன் பழைய பெயர் ‘இந்தியன் கேம்’. அதாவது இந்தியச் சண்டைக்கோழி. பிரிட்டனில் இன்றும் அப்பெயரே வழங்குகிறது. கிழக்கிந்தியக் கம்பெனியின் படையில் தளபதியாக இருந்த சர் வால்டர் கில்பர்ட் என்பவர் கார்ன்வாலைச் சேர்ந்தவர். 1785 முதல் 1853 வரை வாழ்ந்தவர். இந்தியாவில் கண்ட சண்டைச் சேவல்களால் கவரப்பட்டு இந்த இனத்தை அவரே தொடங்கி வைத்தார் என்று கோழி வளர்ப்போரின் மரபுவழிச் செய்தி கூறுகிறது.

அதில் கலந்த இனங்கள் மூன்று. ஒன்று பழைய ஆங்கிலச் சண்டைக்கோழி. இரண்டாவது இந்தியாவின் அசில். அசில் என்பது நம் முன்னோர் நன்கறிந்த சண்டைச் சேவல் இனம். தமிழ்நாட்டுக் கிராமங்களில் இன்றும் வளர்க்கப்படுகிறது. மூன்றாவது மலாய்க் கோழி. ஏறத்தாழ 90 சென்டிமீட்டர் உயரம் நிமிர்ந்து நிற்கும் நெடுங்கால் கோழி அது. கப்பலேறிச் சென்று கார்ன்வால், டெவன் கரையோரங்களில் வளர்க்கப்பட்டது.

சண்டைக்கென்று உருவாக்கிய இந்தக் கலப்பினம் சண்டையில் தோற்றது. உடல் கனத்து, மார்பு அகன்று, கால்கள் குட்டையாகிவிட்டதால் துள்ளிப் பாய இயலவில்லை. இங்கிலாந்தில் 1835-இல் சேவல் சண்டையும் சட்டத்தால் தடை செய்யப்பட்டது. ஆனால் அந்த அகன்ற மார்பின் சதையைச் சமையலறை கண்டுகொண்டது. அமெரிக்காவுக்குப் போன பிறகு, இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ‘இந்தியன்’ என்ற சொல் பெயரிலிருந்து நீங்கிற்று. ‘கார்னிஷ்’ மட்டும் நின்றது. பெயரில் இருந்த நாடு போய்விட்டதால் பிறந்த கதையும் மறந்துபோயிற்று.

இந்தக் கார்னிஷ் இனத்துக்கும் நம் தோட்டத்துச் சமையலுக்கும் இன்னொரு தொடர்பும் உண்டு. 1940-களின் பிற்பகுதியில் அமெரிக்காவில் ‘நாளைய கோழி’ என்ற பெயரில் ஒரு போட்டி நடத்தப்பட்டது. விரைவில் வளர்ந்து மிகுந்த இறைச்சி தரும் கோழியை உருவாக்குவதே போட்டி. 1948-இல் முதலிடம் பெற்றது, கலிபோர்னியாவைச் சேர்ந்த சார்லஸ் வான்ட்ரஸ் என்பவர் கார்னிஷ் சேவலையும் நியூ ஹாம்ப்ஷையர் பெட்டையையும் சேர்த்து உருவாக்கிய கலப்பு. அந்த வழியில் வளர்ந்ததே இன்றைய பிராய்லர் கோழி. சந்தையில் நாம் வாங்கும் வெள்ளைக் கோழியின் உடலில் கார்னிஷ் இரத்தம் ஓடுகிறது. நாள்காட்டிப் படத்தில் இருந்த பறவை, நம் சந்தைக் கோழியை ஐந்து வாரம் ஆகுமுன்னே அறுத்தது போன்றதுதான். வெள்ளைக்காரர் கோழி என்று பையன் சொன்ன அதே கோழியை, அவன் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைதோறும் குழம்பு வைக்கிறார்கள்.

இன்னும் பின்னால் செல்வோம். அசிலுக்கும் மலாய்க் கோழிக்கும் உலகத்துக் கோழிகள் யாவற்றுக்கும் மூதாதை யார்? செங்காட்டுக்கோழி. மலாய் மொழியில் ‘ஆயாம் ஊத்தான்’ என்கிறோமே, அதுதான். செம்பனைத் தோட்டங்களில் வேலை செய்வோர் இதை அடிக்கடி காண்பார்கள். விடியற்காலையில் மரங்களின் ஓரம் செம்பொன் நிறக் கழுத்தும் கருநீல வாலுமாக ஒரு சேவல் தலைகாட்டும். ஆள் அரவம் கேட்டதும் சட்டென்று பறந்து மறையும். அதன் கூவல் வீட்டுச் சேவலின் கூவலைப் போலவே இருக்கும்; ஆனால் முடிவு சட்டென்று நின்றுவிடும்.

2020-இல் அறிவியலாளர்கள் 863 கோழிகளின் மரபணுக்களை ஆராய்ந்து ஒரு முடிவை வெளியிட்டார்கள். வளர்ப்புக் கோழி முதன்மையாகச் செங்காட்டுக்கோழியின் ஒரு கிளையினத்திலிருந்து தோன்றியது. தென்மேற்குச் சீனம், வட தாய்லாந்து, மியன்மார் ஆகியவை சேர்ந்த வட்டாரமே அதன் தாயகம் என்பது அந்த முடிவு. அந்தக் கிளையினம் நம் தீபகற்பத்துக் காடுகளிலும் வாழ்கிறது. 2022-இல் வேறொரு குழுவினர் 89 நாடுகளில் 600-க்கும் மேற்பட்ட இடங்களில் கிடைத்த கோழி எலும்புகளை ஆராய்ந்தார்கள். வளர்ப்புக் கோழி என்று கொள்ளத்தக்க மிகப் பழைய எலும்புகள் தாய்லாந்தில் பான் நோன் வாட் என்ற இடத்தைச் சேர்ந்தவை. அவற்றின் காலம் கி.மு. 1650-க்கும் 1250-க்கும் இடைப்பட்டது.

காட்டில் பறந்த கோழி ஏன் மனிதனிடம் வந்தது? நெல்தான் காரணம் என்று அந்த ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். காட்டோரத்தில் மானாவாரி நெல் விதைத்தபோது, சிந்திய மணிகளைப் பொறுக்கக் காட்டுக்கோழிகள் வந்தன. வந்தவை தங்கின. தங்கியவை முட்டையிட்டன. நெல்லைப் புடைக்கும்போது முறத்திலிருந்து சிந்தும் மணிகளுக்குக் கோழிகள் ஓடிவருவதை நம் பாட்டிமார் அறிவார்கள். அந்தக் காட்சிக்கு வயது மூவாயிரத்து ஐந்நூறு ஆண்டு. அங்கிருந்து மேற்கே பரவிய கோழி, ஐரோப்பாவின் தென்கரையை எட்டியது கி.மு. 800-ஐ ஒட்டித்தான்.

இன்னொரு செய்தி நம்மை மிகவும் வியப்பில் ஆழ்த்தியது. அந்தப் படத்துக் கோழியின் தோல் மஞ்சள் நிறம். கார்னிஷ், பிளிமத் ராக் ஆகிய இரண்டு இனங்களுக்கும் மஞ்சள் தோல் உண்டு. செங்காட்டுக்கோழிக்கு அந்த நிறம் இல்லை. அப்படியானால் மஞ்சள் எங்கிருந்து வந்தது? 2008-இல் வெளிவந்த ஆராய்ச்சி விடை தந்தது. அந்த மரபணு சாம்பல் நிறக் காட்டுக்கோழியிடமிருந்து வந்திருக்கிறது. அது இந்தியத் தீபகற்பத்தில் வாழும் பறவை. தமிழ்நாட்டின் மேற்கெல்லையான மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளில் இன்றும் கூவுகிறது. என்றோ ஒரு காலத்தில், ஏதோ ஒரு மலையடிவாரச் சிற்றூரில், வீட்டுக்கோழியோடு அந்தக் காட்டுச் சேவல் கூடியிருக்கிறது. அந்தக் கலப்பின் அடையாளம் அமெரிக்க விருந்து மேசையில் பொன்னிறமாகத் தெரிகிறது.

கோழியின் கதை இது. தட்டில் இருந்த மற்றப் பொருள்களுக்கும் கதை உண்டு. அந்தச் சிவந்த சிறு பழம் கிரான்பெரி. வட அமெரிக்காவின் சதுப்பு நிலங்களில் விளைவது. மாசசூசெட்ஸ் மாநிலத்துத் தோட்டங்களில் அதைப் பறிக்க, ஆப்பிரிக்காவின் மேற்குக் கரைக்கு அப்பாலுள்ள கேப் வெர்டே தீவுகளிலிருந்து கடல் கடந்து தொழிலாளர்கள் வந்தார்கள். முழங்காலிட்டு நாள் முழுதும் பறித்தார்கள். 1933-இல் நியாயமான கூலி கேட்டு வேலைநிறுத்தமும் செய்தார்கள். கடல் கடந்து வந்து பிறர் தோட்டத்தில் உழைப்பது எப்படியென்று நமக்கு யாரும் விளக்கத் தேவையில்லை.

கோழியின் வயிற்றில் அடைத்த கறுத்த, நீண்ட அரிசிக்குக் காட்டரிசி என்று பெயர். அது நம் நெல் வகையைச் சேர்ந்ததன்று. ஏரிகளில் வளரும் ஒருவகைப் புல்லின் மணி. அமெரிக்கப் பழங்குடிகளாகிய ஒஜிப்வே மக்கள் அதை ‘மனோமின்’ என்று அழைக்கிறார்கள். இருவர் ஒரு படகில் போவார்கள். ஒருவர் கழியூன்றிப் படகைச் செலுத்த, மற்றவர் இரண்டு கோல்களால் கதிரை வளைத்துத் தட்டிப் படகுக்குள் உதிர்ப்பார். ஆரஞ்சு என்ற சொல்லும் நாரங்கம் என்ற சொல்லிலிருந்து அரபு, பிரெஞ்சு மொழிகளின் வழியாக ஆங்கிலத்துக்குப் போனதே. நாம் ஊறுகாய் போடும் நாரத்தைக்கும் அந்தச் சொல்லுக்கும் உறவு உண்டு.

இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்க்கும்போது ஓர் உண்மை தெளிவாகிறது. இந்தக் கோழியின் வரலாற்றில் சில பெயர்கள் பொறிக்கப்பட்டிருக்கின்றன. கில்பர்ட் தளபதியின் பெயர் இருக்கிறது. மக்கோவ்ஸ்கி தம்பதியர் பெயர் இருக்கிறது. வான்ட்ரஸ், போர்கா, டைசன் பெயர்கள் இருக்கின்றன. அவர்கள் உழைக்கவில்லை என்று சொல்ல மாட்டோம். ஆனால் காட்டுக்கோழிக்கு முதன்முதல் நெல் தூவிய பெண்ணின் பெயர் இல்லை. தலைமுறை தலைமுறையாக நல்ல சேவலைத் தேர்ந்து, அசிலை அசிலாகக் காத்த இந்தியக் குடியானவரின் பெயர் இல்லை. மலாய்க் கோழியைக் கூடையில் வைத்துக் கப்பல் துறைக்குச் சுமந்து வந்தவரின் பெயர் இல்லை. படம் எடுத்தவர்கள் தட்டைத்தான் எடுத்தார்கள்.

இதற்கு நேர் எதிராக ஒரு பயணமும் நடந்தது. 1876-இல் பிரேசில் காட்டிலிருந்து ரப்பர் விதைகள் இலண்டனுக்குக் கொண்டுசெல்லப்பட்டன. 1877-இல் கன்றுகள் சிங்கப்பூரை அடைந்தன, கோலகங்சாரிலும் நடப்பட்டன. அந்த மரத்தின் பாலை வெட்டவே நம் பாட்டன்மார் கப்பலேறி வந்தார்கள். நம் பக்கத்துக் கோழி மேற்கே போயிற்று. மேற்கத்திய மரம் நம் பக்கம் வந்தது. இரண்டு பயணத்திலும் பொருளின் மேல் முதலாளியின் முத்திரை நின்றது. டயரில் நிறுவனத்தின் பெயர் இருக்கும். இருட்டில் தலைவிளக்கோடு பால் வெட்டியவரின் பெயர் இராது. வரலாற்றைப் படிப்பது யாரையும் வெறுப்பதற்காக அன்று. விட்டுப்போன பெயர்கள் உண்டு என்பதை அறிந்துகொள்வதற்காக.

நேயர்களே, நமது பிழையைத் திருத்திய கதையைச் சொல்லி முடிக்கிறோம். அடுத்த வாரம் அதே வகுப்பில் உலகப் படத்தை விரித்து, கோழி போன வழியைச் சுண்ணக்கட்டியால் கரும்பலகையில் வரைந்து காட்டினோம். “போன வாரம் நான் சொன்னது தப்பு” என்று பிள்ளைகளிடம் வெளிப்படையாகச் சொன்னோம். ஆசிரியர் தவறு செய்வார் என்பதையே சில பிள்ளைகள் அன்றுதான் கேட்டார்கள் போலும், வகுப்பு அமைதியாகிவிட்டது. அந்த மாணவி மட்டும், “அப்போ எங்க பாட்டி வளர்க்கிற சேவலுக்கும் அதுக்கும் சொந்தமா சார்?” என்றாள். “தூரத்துச் சொந்தம். உன் பாட்டி வீட்டுச் சேவல் மூத்த வீட்டுப் பிள்ளை” என்றோம். பையன்கள் மறுபடி சிரித்தார்கள். இம்முறை அவளும் சிரித்தாள்.

சில நாள் கழித்து மாலையில் அவர்கள் வீட்டுப் பக்கம் போனோம். பாட்டி கோழிகளைக் கூண்டில் அடைத்துக்கொண்டிருந்தார். “வாங்க வாத்தியாரே” என்று வரவேற்றார். “பாட்டி, எந்தச் சேவலை வச்சுக்கிறீங்க, எந்தச் சேவலை அறுக்கிறீங்க?” என்று கேட்டோம். அவர் விரலால் ஒவ்வொன்றாகக் காட்டினார். “இது நெஞ்சு அகலம், குஞ்சு நல்லா எறங்கும், இதை வச்சுக்குவேன். அது ஓயாம சண்டை போடும், தீபாவளிக்கு அறுத்துருவேன். அந்தப் பெட்டை அடைக்கு நல்லா உக்காரும், அதோட முட்டையைத்தான் வைப்பேன்” என்றார். எந்தப் பறவையை இனப்பெருக்கத்துக்கு விடுவது, எதை விலக்குவது என்ற இந்தத் தேர்வைத்தான் கார்ன்வாலிலும் கனெக்டிகட்டிலும் செய்தார்கள். அவர்கள் அதை ஏட்டில் எழுதி வைத்தார்கள். பாட்டி மனத்தில் வைத்திருக்கிறார்.

பேத்தி ஒரு பழைய பயிற்சிப் புத்தகத்தை எடுத்துவந்து, பாட்டி சொன்னவற்றை எழுதத் தொடங்கியிருக்கிறாள். சேவலின் நிறம், பெட்டை முட்டையிட்ட நாள், பொரித்த குஞ்சுகளின் எண்ணிக்கை. முதல் பக்கத்தின் மேல் பாட்டியின் பெயரைப் பெரிய எழுத்தில் எழுதியிருந்தாள். அதை நமக்குக் காட்டியபோது, அவள் ‘வெறும்’ என்ற சொல்லைச் சொல்லவில்லை.

உங்கள் வீட்டிலும் கோழி வளர்க்கும் தாயோ பாட்டியோ இருக்கலாம். இன்று மாலை அவரிடம் கேட்டுப் பாருங்கள். கேட்டதை எழுதி வையுங்கள்.